மாதவி முகர்ஜி: வங்கத் திரையின் துணிந்த பெண்கள் குறித்து அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மாதவி முகர்ஜி யார்?

வங்காளத் திரைப்பட நடிகை. 1942-ஆம் ஆண்டு பிப்ரவரி 10-ஆம் நாள் கல்கத்தாவில் பிறந்தவர். மிருணாள் சென், ரித்விக் கட்டக், சத்யஜித் ராய் ஆகிய வங்க இயக்குநர்கள் மூவரும் தங்கள் முக்கியமான பெண் பாத்திரங்களை நம்பி ஒப்படைத்த நடிகை என்று சொன்னால் அவருடைய இடம் ஓரளவு விளங்கும். 1960-இல் வெளிவந்த ‘பாய்ஷே ஷ்ராவண்’ முதல் 1965-இல் வெளிவந்த ‘காபுருஷ்’ வரை ஐந்தே ஆண்டுகளில் அவர் ஏற்ற ஐந்து வேடங்கள்தாம் இன்றுவரை அவரைப் பற்றிப் பேசவைக்கின்றன. அந்த ஐந்தையும் முடித்தபோது அவருக்கு வயது 23.

தூர்தர்ஷன் ஞாயிற்றுக்கிழமை மதியங்களில் மாநில மொழிப் படங்களை ஒளிபரப்பிய காலத்தில் வளர்ந்தவர்களுக்கு அவருடைய முகம் நினைவில் இருக்கக்கூடும். படத்தின் பெயரும் நடிகையின் பெயரும் மறந்த பின்னும், சன்னலோரம் கைப்பிடி வைத்த பார்வைக் கண்ணாடியை ஏந்தி நிற்கும் அந்தப் பெண் மறப்பதில்லை.

படத் தலைப்புகளில் சில இடங்களில் ‘மாதவி சக்கரவர்த்தி’ என்று வருகிறதே, அவர் வேறு நடிகையா?

இல்லை, இருவரும் ஒருவரே. நடிகர் நிர்மல் குமாரை மணந்த பிறகு வெளிவந்த சில படங்களில் அவர் பெயர் மாதவி சக்கரவர்த்தி என்று இடம்பெற்றது. வங்காளத்தில் ‘முகோபாத்யாய்’ என்று எழுதுவதும் ‘முகர்ஜி’ என்று எழுதுவதும் ஒரே குடும்பப் பெயரைத்தான். அவருடைய இயற்பெயர் மாதுரி. ‘பாய்ஷே ஷ்ராவண்’ படத்தின்போதுதான் மாதவி என்ற பெயர் அமைந்தது.

ஒரு நடிகையைத் துணிச்சலானவர் என்று சொல்லும்போது பெரும்பாலும் ஆடைக்குறைப்பைத்தான் குறிப்பிடுகிறார்கள். இவர் எந்த வகையில் துணிச்சலானவர்?

இந்தக் கேள்வியை எதிர்கொள்ளாமல் இவரைப் பற்றி எழுத முடியாது. நம் இதழ்களில் ‘துணிச்சலான வேடம்’ என்னும் சொற்றொடர் ஏறத்தாழ ஒரே பொருளுக்குச் சுருங்கிவிட்டது. மாதவியின் முக்கியமான படங்கள் எதிலும் அவர் கைத்தறிச் சேலையை விட்டு விலகவில்லை. ஆனாலும், திருமணமான ஒரு பெண் தன் கொழுந்தனிடம் மனம் இழப்பதையும், கணவன் வேலையிழந்து நிற்கும் வேளையில் தன் வேலையை அநியாயத்துக்கு எதிராகத் தூக்கியெறிவதையும், உடலை விற்கத் தள்ளப்பட்ட ஒருத்தி முதல் வாடிக்கையாளனாகத் தன் அண்ணனையே வாசலில் காண்பதையும் 1960-களின் தொடக்கத்தில் வங்கப் பார்வையாளர்களின் முன் முகம் சுளிக்காமல் நடித்துக் காட்டியவர் அவர். அந்தப் பெண்களுக்காகப் பார்வையாளரிடம் அவர் மன்னிப்புக் கோரவில்லை; பரிதாபத்தைத் தூண்டி அவர்களைக் காப்பாற்றவும் முயலவில்லை. அவர்களுக்குப் பசியும் ஆசையும் கோபமும் சொந்தக் கருத்தும் இருப்பது இயல்புதான் என்ற முகபாவத்தோடு திரையில் நின்றார். நான் துணிச்சல் என்று சொல்வது இதைத்தான்.

அந்தக் காலத்து வங்கத் திரையைக் கொஞ்சம் நினைவுபடுத்திக்கொள்ள வேண்டும். உத்தம் குமாரும் சுசித்ரா சென்னும் இணைந்த காதல் படங்கள் கொடிகட்டிப் பறந்த காலம் அது. நாயகி என்பவள் தியாகத்துக்கும் கண்ணீருக்கும் உரியவள் என்ற எதிர்பார்ப்பு ஆழமாக வேரூன்றியிருந்தது.

நடிப்புக்கு எப்படி வந்தார்?

மேடை வழியாக வந்தார். தாயின் வளர்ப்பில் சகோதரியோடு வளர்ந்த மாதவி, குழந்தைப் பருவத்திலேயே கல்கத்தாவின் தொழில்முறை நாடக மேடைகளில் ஏறினார். சிசிர் பாதுரி, அகீந்திர சௌத்ரி, சபி பிஸ்வாஸ் போன்ற பெரும் நடிகர்களோடு அந்த மேடைகளில் நின்றிருக்கிறார். எழுத்தாளர் பிரேமேந்திர மித்ர இயக்கிய படத்தில் குழந்தை நட்சத்திரமாகத் தோன்றினார். 1956-இல் தபன் சின்ஹாவின் ‘டான்சில்’ படத்தில் நடித்தார்.

மேடையில் வளர்ந்தவர்களுக்குக் குரல் கணீரென்று இருக்கும், கை வீச்சு பெரிதாக இருக்கும். கேமராவின் முன் வந்ததும் இரண்டையும் அடக்கிக்கொள்ளப் பலர் திணறுவார்கள். மாதவியிடம் மேடை விட்டுச்சென்றது வேறொன்று: எதிரே நிற்பவர் பேசும்போது முழுமையாகக் கேட்கும் பழக்கம். அவருடைய மிகச் சிறந்த காட்சிகளில் அவர் பேசுவதைவிடக் கேட்டுக்கொண்டிருப்பதே அதிகம்.

‘பாய்ஷே ஷ்ராவண்’ படத்தில் அவருக்கு என்ன வேடம்?

தலைப்பின் பொருள் ‘ஷ்ராவண் மாதம் 22’. வங்க நாட்காட்டியின்படி 1941-இல் தாகூர் மறைந்த நாள் அது. மிருணாள் சென் அந்த நாளை, பெயர் தெரியாத ஒரு கிராமத்துத் தம்பதியின் திருமண நாளாக வைத்தார். மகாகவியின் நினைவு நாளுக்கும் சாதாரண மனிதர்களின் வாழ்வில் வேறொரு பொருள் இருக்கலாம் என்பதுதான் அதன் உட்கருத்து. இரயிலில் சில்லறைச் சாமான்கள் விற்கும் நடுத்தர வயதுக்காரனை மணந்துகொண்டு வரும் பதின்பருவப் பெண் மாலதியாக மாதவி நடித்தார்.

முதற்பாதியில் அவர் ஒரு விளையாட்டுப் பெண். ஆடிப்பாடி, கணவனோடு சிறுசிறு பிணக்கு கொண்டு, வீட்டை உயிர்ப்போடு வைத்திருக்கிறார். பிறகு 1943-இன் வங்கப் பஞ்சம் வருகிறது. 20 முதல் 30 இலட்சம் பேரைக் கொன்றதாக மதிப்பிடப்படும் அந்தப் பஞ்சத்தை மிருணாள் சென் தெருவில் கிடக்கும் பிணங்களாகக் காட்டவில்லை. ஒரே வீட்டுக்குள், கணவனுக்கும் மனைவிக்கும் இடையே இருந்த கண்ணியம் எப்படிச் சிறுகச் சிறுகத் தேய்கிறது என்று காட்டினார். பசியின் வெறியில் கணவன் மனைவியின் பங்கை மறந்து உண்ணும் கட்டத்தை எண்ணிப் பாருங்கள். பசியைவிட அவளைக் கொல்வது அந்த மறதிதான். மாலதி தன் உயிரை மாய்த்துக்கொள்வதோடு படம் முடிகிறது. அந்த முகத்தில் துயரத்தைக் காட்டிலும் ஒரு பெரும் வெறுமைதான் தங்கியிருந்தது. 18 வயதுகூட நிரம்பாதவரிடமிருந்து அது வந்தது என்பதை இன்றும் நம்புவது கடினம்.

‘மகாநகர்’ வேலைக்குப் போகும் பெண்ணின் கதைதானே? அதில் என்ன புதுமை?

கதைச் சுருக்கத்தை மட்டும் கேட்டால் அப்படித்தான் தோன்றும். நரேந்திரநாத் மித்ரவின் சிறுகதையை அடிப்படையாகக் கொண்டு ராய் 1963-இல் எடுத்த படம். 1950-களின் கல்கத்தாவில் ஒரு சிறிய வாடகை வீடு. வங்கி ஊழியரான கணவன் சுப்ரதாவாக அனில் சாட்டர்ஜி. ஓய்வுபெற்ற பள்ளி ஆசிரியரான மாமனார், மாமியார், பள்ளியில் படிக்கும் நாத்தனார், சிறு மகன். நாத்தனாராக நடித்த சிறுமிதான் பின்னாளில் இந்தித் திரையில் புகழ்பெற்ற ஜெயா பாதுரி. அதுவே அவருடைய முதல் படம். ஒருவர் சம்பளத்தில் குடும்பம் ஓடவில்லை. மருமகள் ஆரத்தி, வீடு வீடாகச் சென்று பின்னல் இயந்திரம் விற்கும் வேலைக்குப் போகிறாள்.

மாதவி தம் தன்வரலாற்றில் இந்தப் படத்தின் கதையை ராய் படித்துக்காட்டிய நாளை நினைவுகூர்கிறார். அதுவரை தாம் நடித்தவற்றிலும் அறிந்தவற்றிலும் பெண் என்பவள் ஆணுக்கு அடுத்த இடத்தில் நின்றவளே என்றும், முழுக்க முழுக்கப் பெண்ணை மையமாக வைத்த கதையைக் கேட்டுத் திகைத்துப்போனதாகவும் எழுதியிருக்கிறார். அந்தத் திகைப்பு ஆரத்தியின் முகத்திலும் இருக்கிறது. முதல் மாதச் சம்பளத்தை வாங்கிக்கொண்டு அலுவலகத்தின் கழிப்பறைக் கண்ணாடி முன் நிற்கும்போது, புது நோட்டுகளைப் பிடித்தபடி தன்னைத்தானே பார்த்துக்கொள்ளும் கட்டம் அது. வசனம் கிடையாது. வெட்கம் கலந்த ஒரு மெல்லிய வியப்பு மட்டும் உதட்டில் வந்து போகிறது. சொந்த உழைப்பில் முதன்முதலாகக் காசு பார்த்த எவருக்கும் அந்தப் பார்வை தெரியும்.

அதே அலுவலகத்தில் வேலை செய்யும் ஆங்கிலோ-இந்தியப் பெண் எடித், அவளுக்கு ஒரு லிப்ஸ்டிக்கைக் கொடுக்கிறாள். ஆரத்தி வெளியே போகும்போது பூசிக்கொண்டு, வீடு திரும்புமுன் துடைத்துவிடுகிறாள். கைப்பையில் அதைக் கண்ட கணவனுக்கு முகம் மாறுகிறது. ஆரத்தி அதைச் சன்னல் வழியே எறிந்துவிடுகிறாள். ஒரு சிறிய சாயக்குச்சிக்குள் ஒரு வீட்டின் பயம் அவ்வளவும் அடங்கியிருந்தது என்பதை இவ்வளவு எளிதாகச் சொன்ன காட்சிகள் நம் நாட்டுத் திரையில் அதிகம் இல்லை.

துணிச்சல் உச்சத்தைத் தொடுவது கடைசியில்தான். மனைவியை வேலையிலிருந்து நிறுத்த எண்ணிய கணவன், இராஜினாமாக் கடிதத்தை எழுதிக் கொடுத்தனுப்புகிறான். அதே நாளில் அவன் வேலை பார்த்த வங்கி மூழ்குகிறது. கடிதத்தைக் கொடுத்துவிடாதே என்று தொலைபேசியில் பதறுகிறான். குடும்பத்தின் ஒரே சம்பளம் இப்போது ஆரத்தியுடையது. அந்த நிலையில் முதலாளி, எடித்தின் ஒழுக்கத்தைப் பற்றித் தவறாகப் பேசி அவளை வேலையை விட்டு நீக்குகிறார். அவளிடம் மன்னிப்புக் கேளுங்கள் என்கிறாள் ஆரத்தி. அவர் மறுக்கிறார். கைப்பைக்குள் கிடந்த அந்தப் பழைய கடிதத்தை எடுத்து நீட்டுகிறாள் ஆரத்தி. கணவனின் பயத்தால் எழுதப்பட்ட கடிதம், மனைவியின் மானத்துக்குப் பயன்பட்டது. வேறு இனத்தைச் சேர்ந்த, வேறு மதத்தைச் சேர்ந்த ஒரு சக ஊழியருக்காகத் தன் வீட்டின் சோற்றைப் பணயம் வைக்கும் மருமகளை 1963-இன் நடுத்தர வர்க்கம் எப்படி எதிர்கொண்டிருக்கும் என்று நினைத்துப் பாருங்கள். மாதவி அந்தக் காட்சியில் குரலை உயர்த்தவில்லை. குரல் சற்று நடுங்கவும் செய்கிறது. பயந்துகொண்டே செய்கிறாள் என்பதால்தான் அந்தச் செயலுக்கு அத்தனை எடை.

இந்தப் படத்துக்காக ராய்க்கு 1964-இல் பெர்லின் திரைப்பட விழாவில் சிறந்த இயக்குநருக்கான வெள்ளிக் கரடி விருது கிடைத்தது. அடுத்த ஆண்டு ‘சாருலதா’வுக்காகவும் அதே விருது.

‘சாருலதா’வை அவருடைய உச்சம் என்கிறார்கள். ஏன்?

தாகூர் 1901-இல் எழுதிய ‘நஷ்டநீட்’, அதாவது ‘சிதைந்த கூடு’ என்னும் குறுநாவலை ராய் 1964-இல் படமாக்கினார். கதை நடப்பது 1879-ஐ ஒட்டிய கல்கத்தா. கணவன் பூபதி செல்வந்தன், நல்லவன். ஆங்கிலச் செய்தித்தாள் நடத்துவதும் அரசியல் பேசுவதுமே அவன் உலகம். மனைவி சாருவுக்குப் படிப்பு, ரசனை, நேரம் எல்லாம் உண்டு. பேச ஆள் இல்லை. பூபதியின் ஒன்றுவிட்ட தம்பி அமல், சௌமித்ர சாட்டர்ஜி ஏற்ற வேடம், ஒரு கோடைப் புயலோடு சேர்ந்து வீட்டுக்குள் நுழைகிறான்.

முதல் சில நிமிடங்களை மட்டும் அருகில் வைத்துப் பார்ப்போம். வட்டச்சட்டத்தில் இழுத்துக் கட்டிய கைக்குட்டையில் சாரு ஓர் எழுத்தைப் பூத்தையலில் தைக்கிறாள். கணவன் பெயரின் முதல் எழுத்து. தையலை வைத்துவிட்டு எழுகிறாள். புத்தக அலமாரியிலிருந்து பங்கிம் சந்திரரின் நாவலை உருவி, அவர் பெயரை இராகம் போட்டு முணுமுணுக்கிறாள். வெளியே ஏதோ சத்தம். சன்னலின் மரப்பலகைகளை லேசாகத் திறந்து எட்டிப்பார்க்கிறாள். உடனே விரைந்து போய், கைப்பிடி வைத்த சிறிய இரட்டைக் கண்ணாடியை எடுத்துவருகிறாள். தெருவில் குடை பிடித்துச் செல்லும் ஒரு பருத்த மனிதரை, ஒரு சன்னலிலிருந்து அடுத்த சன்னலுக்கு ஓடி ஓடிப் பின்தொடர்கிறாள். அவர் தெருக்கோடியில் மறைகிறார். வேடிக்கை முடிந்தது. பியானோவின் மூடியைத் திறந்து ஒரு சுரத்தைத் தட்டுகிறாள்.

அப்போது பூபதி தாழ்வாரத்தில் வருகிறான். கையிலிருக்கும் புத்தகத்தில் மூழ்கியபடி, மனைவி பக்கத்தில் நிற்பதைக் கவனிக்காமலேயே கடந்து போகிறான். சாரு அந்தக் கண்ணாடியை உயர்த்தி, தெருவில் போன அந்நியரைப் பார்த்த அதே முறையில் தன் கணவனின் முதுகைப் பார்க்கிறாள். கண்ணாடியைத் தாழ்த்துகிறாள். கேமரா சட்டென்று பின்வாங்குகிறது.

இதுவரை ஏறத்தாழ வசனமே இல்லை. ஒரு திருமணத்தின் முழு வரலாறும் சொல்லப்பட்டுவிட்டது. ராயின் திட்டமும் சுப்ரத மித்ரவின் ஒளிப்பதிவும் பன்சி சந்திரகுப்தாவின் அரங்க அமைப்பும் இதற்குக் காரணம் என்பது உண்மையே. இருந்தாலும் கண்ணாடியைத் தாழ்த்தும்போது அந்த முகத்தில் புகாரும் இல்லை, தன்னிரக்கமும் இல்லை. சிறு புன்னகைக்கு முந்தைய நிலையில் ஏதோ ஒன்று நின்றுவிடுகிறது. அதை எந்தத் திரைக்கதையிலும் எழுதி வைக்க முடியாது. அது நடிகையின் பங்கு.

பிறகு தோட்டத்து ஊஞ்சல் காட்சி. கேமராவும் ஊஞ்சலோடு சேர்ந்து ஆட, சாருவின் முகம் சட்டகத்தில் அசையாமல் நிற்க, பின்னால் உலகம் ஏறி இறங்குகிறது. அமல் பாயில் கவிழ்ந்து எழுதிக்கொண்டிருக்கிறான். சாரு கண்ணாடியின் வழியே அக்கம்பக்கத்தைப் பார்க்கிறாள். குழந்தையோடு ஒரு தாய் தெரிகிறாள். பிறகு கண்ணாடி அமலின் மேல் வந்து நிற்கிறது. தன் மனம் போகும் திசை அவளுக்கே விளங்கும் நொடி அது. மாதவி அதைத் திடுக்கிடலாக நடிக்கவில்லை. ஊஞ்சலின் வேகம் தானாகக் குறைவதைப்போல முகத்தின் குறும்பு மெதுவாக இறங்கி அடங்குகிறது.

அது கள்ளக்காதல் படம் என்று சிலர் ஒதுக்குகிறார்களே?

படத்தைப் பார்க்காதவர்கள் சொல்லும் சொல் அது. சாருவின் ஆசையில் உடலும் உண்டு, அறிவும் உண்டு. அமலின் எழுத்து இதழில் வெளியானதும், அவனுக்குப் போட்டியாகத் தன் குழந்தைப் பருவக் கிராமத்தைப் பற்றி எழுதி, அதைவிடப் பெரிய இதழில் வெளியிட வைக்கிறாள். வெற்றியோடு வந்து அந்த இதழாலேயே அவனை அடித்து, மறுகணம் அவன்மேல் சாய்ந்து குலுங்கி அழுகிறாள். தன்னை ஒரு எழுத்தாளராகக் கண்டுகொண்ட முதல் மனிதன் என்பதால் வந்த நெருக்கம் இது. இதைக் கள்ளத்தனம் என்ற ஒற்றைச் சொல்லில் அடைப்பது அந்தப் பெண்ணுக்குச் செய்யும் அநீதி.

மூலக்கதையிலிருந்து படம் விலகிவிட்டது என்று வங்காளத்தில் அப்போதே எதிர்ப்பு எழுந்தது. ராய் விரிவாக மறுமொழி எழுதினார். முடிவில்தான் முக்கியமான வேறுபாடு இருக்கிறது. குறுநாவலில் மைசூருக்குப் போகவிருக்கும் பூபதி, தயங்கித் தயங்கி மனைவியையும் வரச் சொல்லும்போது, சாரு ‘இருக்கட்டும்’ என்று மறுத்துவிடுகிறாள். படத்தில் வாசலில் நிற்கும் கணவனைச் சாரு உள்ளே வருமாறு அழைத்துக் கையை நீட்டுகிறாள், அவனும் நீட்டுகிறான், இரு கைகளும் தொடுவதற்கு முன் படம் உறைந்துவிடுகிறது. இரண்டில் எது கடுமையானது என்று கேட்டால், நான் படத்தின் முடிவைத்தான் சொல்வேன்.

‘சுபர்ணரேகா’வைப் பார்க்கவே அச்சமாக இருக்கும் என்கிறார்கள். உண்மையா?

உண்மைதான். ஆனாலும் பார்த்தே ஆக வேண்டிய படம். ரித்விக் கட்டக் 1962-இல் எடுத்து முடித்தார். 1965-இல்தான் திரைக்கு வந்தது. ஆகவே திரையில் சாருலதாவுக்குப் பின் வந்தாலும், மாதவி இதில் நடித்தது அதற்கு முன்னர்.

நாட்டுப் பிரிவினையால் கிழக்கு வங்கத்திலிருந்து அகதியாக வந்த ஈஸ்வர் என்பவன், தங்கை சீதாவையும், தாயைப் பிரிந்த அபிராம் என்ற சிறுவனையும் வளர்க்கிறான். சுபர்ணரேகா ஆற்றங்கரையில் ஓர் ஆலையில் அவனுக்கு வேலை கிடைக்கிறது. சீதாவும் அபிராமும் வளர்ந்து காதலிக்கிறார்கள். அபிராம் தாழ்த்தப்பட்ட சாதியில் பிறந்தவன் என்பது வெளிப்பட்டதும், அகதி வாழ்வில் தானே எல்லாவற்றையும் இழந்த ஈஸ்வர் சாதியை மட்டும் இழக்கத் தயாராக இல்லை. இருவரும் கல்கத்தாவுக்கு ஓடிவிடுகிறார்கள். பேருந்து ஓட்டுநரான அபிராம் ஒரு விபத்துக்குப் பின் கூட்டத்தால் அடித்துக் கொல்லப்படுகிறான். பாட்டு தெரிந்த சீதா, குழந்தையைக் காப்பாற்ற உடலை விற்கும் நிலைக்குத் தள்ளப்படுகிறாள். முதல் இரவில், மூக்குக் கண்ணாடி இல்லாமல், குடிபோதையில் தள்ளாடி வந்து நிற்பவன் ஈஸ்வர்.

அவள் அடையாளம் கண்டுகொள்கிறாள், அவன் கண்டுகொள்ளவில்லை. நம் வீட்டு அரிவாள்மணையைப் போன்ற ‘போட்டி’ என்ற காய் நறுக்கும் கருவி அந்த வீட்டு மூலையில் இருக்கிறது. கட்டக் நமக்குக் காட்டுவது சீதாவின் கண்களைத்தான், அவள் தன் உயிரை மாய்த்துக்கொள்ளும் செயலை இல்லை.

இப்படி ஒரு தற்செயல் நடக்குமா, இது மிகையான நாடகம் என்று விமர்சனம் வந்தது. அந்த அண்ணன் எந்த வீட்டுக் கதவைத் தட்டியிருந்தாலும் அங்கே இருப்பவள் அவனுடைய தங்கைதான் என்பது கட்டக்கின் விளக்கம். ஒரு சமுதாயம் தன் பெண்களைக் கைவிட்ட பிறகு, தற்செயல் என்று சொல்ல எதுவும் மிச்சம் இருப்பதில்லை. மாதவி இந்த மிகையைத் தாங்கிய விதம்தான் படத்தைத் தாங்குகிறது. சுற்றிலும் எல்லாம் உச்சஸ்தாயியில் ஒலிக்கும்போது, சீதா மட்டும் தணிந்த குரலில் தன் குழந்தையிடம் ஒரு பழைய பாட்டைப் பாடிக்கொண்டிருக்கிறாள்.

‘காபுருஷ்’ பற்றி அதிகம் பேசப்படுவதில்லையே?

அளவில் சிறிய படம் என்பதால் இருக்கலாம். 1965-இல் ‘மகாபுருஷ்’ என்னும் இன்னொரு படத்தோடு சேர்ந்து வெளியானது. தலைப்பின் பொருள் ‘கோழை’. திரைக்கதை எழுத்தாளன் ஒருவன் வண்டி பழுதாகித் தேயிலைத் தோட்டக்காரர் ஒருவர் வீட்டில் தங்குகிறான். அவருடைய மனைவி கருணா, ஒரு காலத்தில் இவனை நம்பி வீட்டை விட்டு வரத் தயாராக இருந்தவள். அன்று இவன் தயங்கினான். இப்போது தன்னோடு வந்துவிடும்படி கெஞ்சுகிறான். இரயில் நிலையத்தில் காத்திருக்கும்போது கருணா உண்மையிலேயே வருகிறாள். எதற்கு வந்தாள் என்றால், அவன் வாங்கிச் சென்ற தூக்க மாத்திரைக் குப்பியைத் திரும்பக் கேட்பதற்கு. மாதவி அந்த ஒற்றைக் கோரிக்கையைச் சொல்லும் தொனியில் வன்மம் துளியும் இல்லை. அதனால்தான் அது அவ்வளவு ஆழமாக வெட்டுகிறது. ராயோடு அவர் பணியாற்றிய கடைசிப் படம் இதுதான்.

தேசிய விருது எந்தப் படத்துக்குக் கிடைத்தது?

பலர் சாருலதாவுக்கு என்று நினைக்கிறார்கள். நடிகைக்கான தேசிய விருது நடைமுறைக்கு வந்ததே அதற்குப் பின்னர்தான். 1967-ஆம் ஆண்டுப் படத்துக்காக நர்கிஸ் முதலில் பெற்றார். அடுத்து ‘துலாபாரம்’ என்ற மலையாளப் படத்துக்காக, தமிழ் இரசிகர்களும் நன்கு அறிந்த சாரதா பெற்றார். மூன்றாவதாகப் பெற்றவர் மாதவி; மாணிக் பந்தோபாத்யாயின் நாவலைத் தழுவிய ‘திபாராத்ரிர் காவ்யா’ படத்துக்காக 1969-ஆம் ஆண்டுக்கான விருது அது. பெயர் ‘இரவு பகலின் காவியம்’ என்று பொருள்படும்.

தாகூரின் ‘ஸ்த்ரீர் பத்ர’ கதையில் நடித்திருக்கிறாரா?

ஆம். பூர்ணேந்து பத்ரி இயக்கி 1970-களின் தொடக்கத்தில் வெளிவந்த படம். ‘மனைவியின் கடிதம்’ என்று பொருள்படும் அந்தக் கதையைத் தாகூர் 1914-இல் எழுதினார். பதினைந்து ஆண்டு இல்லறத்துக்குப் பின் பூரிக்குப் போன மிருணாள், அங்கிருந்து கணவனுக்குத் தன் முதல் கடிதத்தை எழுதுகிறாள்; மாக்கன் போரால் சந்தின் 27-ஆம் எண் வீட்டுக்கு இனித் திரும்பமாட்டேன் என்பது அதன் சாரம். அந்த வீட்டில் அடைக்கலம் தேடிவந்த பிந்து என்ற அநாதைப் பெண்ணை மனநிலை பிறழ்ந்தவனுக்குக் கட்டிக்கொடுத்து, அவள் தீக்கு இரையானதைப் பார்த்த பிறகு எடுத்த முடிவு.

சாருவும் இரகசியமாக எழுதியவள், மிருணாளும் இரகசியமாகக் கவிதை எழுதியவள். முதலாமவள் கையை நீட்டிக் கணவனை உள்ளே அழைத்தாள், இரண்டாமவள் வெளியேறிவிட்டாள். தாகூரின் இந்த இரு பெண்களுக்கும் ஒரே முகம் அமைந்ததை வங்காளத்தின் பேறு என்றே நான் கருதுகிறேன்.

வணிகப் படங்களில் நடிக்கவில்லையா?

நிறையவே நடித்தார். உத்தம் குமாரோடு நடித்த ‘சங்கபேலா’ (1966), ‘சத்மபேஷி’ (1971) இரண்டும் மக்களிடையே பெயர் பெற்றவை. கலைப்பட நடிகை என்று மட்டும் அவரை அடைத்துவிடக் கூடாது என்பதற்காக இதைச் சொல்கிறேன். மிருணாள் சென்னின் ‘கல்கத்தா 71’ படத்திலும் இருந்தார். 2000-இல் ரிதுபர்ண கோஷின் ‘உத்சப்’ படத்தில், துர்க்கா பூசைக்காகப் பிள்ளைகள் கூடும் பழைய வீட்டின் தாயாக வந்தார்.

அரசியலில் ஈடுபட்டாரா?

ஒரு முறை. 2001 சட்டமன்றத் தேர்தலில் ஜாதவ்பூர் தொகுதியில் திரிணாமூல் காங்கிரஸ் வேட்பாளராக, அப்போதைய முதலமைச்சர் புத்ததேவ் பட்டாச்சார்யாவை எதிர்த்து நின்று தோற்றார்.

அவருக்கு முன்னும் பின்னும் இத்தகைய வேடங்களை ஏற்ற வங்க நடிகைகள் யார்?

முன்னோடி என்று சொன்னால் சுப்ரியா சௌத்ரியைச் சொல்ல வேண்டும். கட்டக்கின் ‘மேகே டாகா தாரா’வில் (1960) குடும்பத்தைச் சுமந்து காசநோயில் உதிரும் நீதாவாக நடித்தவர். பின்னாளில் அபர்ணா சென் தாமே இயக்குநராகி, ‘பரோமா’வில் (1985) நடுவயது இல்லத்தரசி ஒருத்தியின் காதலை, இராக்கியை நடிக்கவைத்துச் சொன்னார். 1997-இல் வெளிவந்த ‘தஹன்’ படத்தில் தெருவில் தாக்கப்பட்ட பெண்ணாகவும், அதற்குச் சாட்சி சொல்ல முன்வந்த பெண்ணாகவும் நடித்த ரிதுபர்ணா சென்குப்தாவும் இந்திராணி ஹல்தாரும் தேசிய விருதைப் பகிர்ந்துகொண்டார்கள். சாருவின் கண்ணாடி கைமாறி வந்த வழி இது என்று எனக்குத் தோன்றுவதுண்டு.

எந்த வரிசையில் பார்க்கலாம்?

‘மகாநகர்’ முதலில். மொழி தெரியாவிட்டாலும் அந்த வீடு நமக்குத் தெரிந்த வீடுதான். அடுத்து ‘சாருலதா’; முதல் முறை கதைக்காகவும், சில நாள் கழித்துத் துணை வசனங்களைப் படிக்காமல் முகங்களுக்காக மட்டும் இரண்டாம் முறையும் பாருங்கள். ‘காபுருஷ்’ ஒரு மாலைப் பொழுதுக்குப் போதும். ‘சுபர்ணரேகா’வைக் கடைசியில் வையுங்கள். அதைப் பார்த்த இரவில் வேறு எதையும் பார்க்க மனம் வராது.